வண்டிச் சாவியும் கடைச் சாவிக்கொத்தும்

கடை வண்டி நமக்கு இன்னொரு வேலையாள் மாதிரி. அதிகாலை நான்கு மணிக்கு மார்க்கெட் புறப்படும் நேரத்தில் சாவியைத் திருப்பினால் சத்தமே இல்லாமல் வண்டி கிடந்தது என்றால், அன்றைய வியாபாரத்தில் பாதி அங்கேயே போயிற்று. காய்கறி ஏலம் நமக்காகக் காத்திருக்காது. கல்யாண வீட்டுக்காரரும் காத்திருக்க மாட்டார்.

நாம் இதை எழுதக் காரணம் நமக்கு நேர்ந்த நஷ்டம்தான். சில வருடங்களுக்கு முன் ஒரு முகூர்த்த நாளுக்கு முதல் நாள் கல்யாண மளிகை மூட்டைகளை ஆம்னி வேனில் ஏற்றி வைத்திருந்தோம். விடிந்ததும் சாவியைத் திருப்பினோம், ஒன்றும் இல்லை. வாடகை வண்டி பிடித்துச் சரக்கை அனுப்பினோம். பிறகு வேனைத் தள்ளிக்கொண்டு ஒரு ஒர்க்‌ஷாப்புக்குப் போனோம். பேட்டரி போய்விட்டது என்றார்கள், புதிது போட்டோம். நான்கு நாள் ஓடியது. மறுபடியும் அதே மௌனம். செல்ஃப் மோட்டாரில் கோளாறு என்று கழற்றினார்கள். அதற்கும் பில் வந்தது. ஒரு வாரம் ஓடி மூன்றாம் முறையும் நின்றது. கடைசியில் பஸ் ஸ்டாண்டு ஓரத்தில் பெட்டிக்கடை அளவுக்குக் கடை வைத்திருந்த ஒரு வயதான எலக்ட்ரீஷியன், கையில் ஒரு பல்பும் இரண்டு முழம் ஒயரும் மட்டும் வைத்துக்கொண்டு பத்து நிமிடத்தில் சொல்லிவிட்டார்:

“அண்ணாச்சி, பேட்டரி மேலயும் தப்பு இல்ல, மோட்டார் மேலயும் தப்பு இல்ல. சாவி போடுற சுவிட்ச்தான் தேஞ்சு போச்சு. தேயாம என்ன செய்யும், சாவியில ஒரு இரும்புக் கடையே தொங்குதே!”

உண்மைதான். கடை ஷட்டர் சாவி இரண்டு, குடோன் பூட்டுச் சாவி மூன்று, இரும்புப் பெட்டிச் சாவி, வீட்டுச் சாவி, சாமி படம் போட்ட பித்தளை வளையம் என அத்தனையும் வண்டிச் சாவியோடு ஒரே கொத்தில் தொங்கின. தராசில் வைத்துப் பார்த்தோம். கால் கிலோவுக்குச் சற்றுத்தான் குறைவு. அந்தப் பெரியவர் செய்த சோதனையை நம் சக வியாபாரிகளும் தெரிந்துகொண்டால், வீட்டு வாசலிலேயே ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் செய்து பார்க்கலாம். பேட்டரி விலையோடு பார்த்தால் சுவிட்சின் விலை சிறியது. எதில் கோளாறு என்று தெரியாமல் செலவு செய்வதுதான் பெரிய செலவு.

சுவிட்சுக்குள் என்ன இருக்கிறது

சாவி போகும் துவாரத்தில் உண்மையில் இரண்டு பொருள்கள் இருக்கின்றன. முன்னால் இருப்பது பூட்டு. சாவியின் வெட்டுக்குப் பொருந்தித் திரும்புவதும், ஸ்டியரிங்கைப் பூட்டுவதும் அதன் வேலை. அதன் முதுகில் பொருத்தியிருக்கும் சிறு பிளாஸ்டிக் பெட்டிதான் மின்சார சுவிட்ச். அதற்குள் செம்புத் தகடுகள். சாவி திரும்பும்போது ஒன்றோடொன்று சேர்ந்து மின்சாரத்தைக் கடத்துகின்றன. பூட்டு கெட்டால் சாவி இறுகும், அல்லது திரும்பவே திரும்பாது. சுவிட்ச் கெட்டால் சாவி சுகமாகத் திரும்பும், வண்டி மட்டும் கேட்காது. இந்த வித்தியாசம் தெரியாமல் பூட்டோடு முழு செட்டையும் மாற்றியவர்கள் நம்மில் பலர்.

சுவிட்சில் முக்கியமாக நான்கு முனைகள் பார்க்க வேண்டும். பேட்டரியிலிருந்து எப்போதும் மின்சாரம் வரும் முனை ஒன்று. ரேடியோ போன்றவற்றுக்குக் கொடுப்பது ஒன்று. இன்ஜின் ஓடுவதற்கு மின்சாரம் கொடுப்பது மூன்றாவது. செல்ஃப் மோட்டாரை இழுக்கச் செய்வது நான்காவது. சில சுவிட்சுகளில் பி, ஏசிசி, ஐஜி, எஸ்டி என்று பொறித்திருக்கும். வேறு சிலவற்றில் 30, 15, 50 என்று எண் இருக்கும்: 30 பேட்டரி, 15 இன்ஜின், 50 செல்ஃப். ஒயர் நிறத்தை மட்டும் நம்ப வேண்டாம். பத்து வருடம் ஓடிய வண்டியில் எத்தனை பேர் கை வைத்து எந்த நிற ஒயரை எங்கே ஒட்டுப் போட்டிருப்பார்கள் என்பது யாருக்கும் தெரியாது.

முதலில் கண்ணால் பார்க்க வேண்டியது

கியரை நியூட்ரலில் போட்டு, கைப்பிரேக்கை இழுத்து, சக்கரத்துக்குக் கல் கொடுத்துவிட்டுத்தான் எந்தச் சோதனையும். இதைச் செய்யாமல் கியரில் நின்ற வண்டி பாய்ந்து ஷட்டரில் மோதிய கதைகள் உண்டு.

இருட்டான நேரத்தில், எதிரே சுவர் இருக்கும்படி வண்டியை நிறுத்தி ஹெட்லைட்டைப் போடுங்கள். இப்போது சாவியை ஸ்டார்ட் நிலைக்குத் திருப்பி, சுவரில் விழும் வெளிச்சத்தைப் பாருங்கள். வெளிச்சம் மங்கிப்போய் ‘டக் டக்’ என்று சத்தம் வந்தால் பேட்டரியில் சார்ஜ் இல்லை, அல்லது பேட்டரி முனைகளில் வெள்ளைப் பூ பூத்திருக்கிறது, அல்லது மோட்டார் இறுகியிருக்கிறது. வெளிச்சம் கொஞ்சமும் மாறாமல், சத்தமும் வராமல் இருந்தால் மின்சாரம் செல்ஃப் மோட்டாருக்குப் போகவே இல்லை. அப்போதுதான் சுவிட்சின் மேல் சந்தேகம் கொள்ள வேண்டும். சில வண்டிகளில் ஸ்டார்ட் செய்யும்போது ஹெட்லைட் தானே அணைவது போல் அமைத்திருப்பார்கள். அவற்றில் உள் விளக்கைப் பார்த்தால் போதும்.

வீட்டில் மல்டிமீட்டர் இருந்தால் பேட்டரியைத் தனியே அளந்துவிடலாம். இரவு முழுவதும் ஓய்ந்திருந்த நல்ல பேட்டரி 12.6 வோல்ட் அளவில் காட்டும். 12.2 என்றால் ஏறக்குறைய பாதி. மோட்டார் சுற்றும்போது 9.6க்குக் கீழே இறங்கினால் பேட்டரியில் பலமில்லை. இந்த அளவுகள் சரியாக இருந்தும் ஒருவர் உங்களுக்குப் பேட்டரி விற்கிறார் என்றால், அவர் கடையில் பேட்டரி தேங்கியிருக்கிறது என்று பொருள்.

இன்னொரு அடையாளம் தெளிவானது. சாவியைத் திருப்பிப் பிடித்திருக்கும்வரை இன்ஜின் பிடித்துக்கொள்ளும்; கையை விட்டு சாவி ஆன் நிலைக்குத் திரும்பியதும் அணைந்துவிடும். ஸ்டார்ட் நிலையில் தகடு சேர்கிறது, ஆன் நிலையில் சேரவில்லை என்பதே பெரும்பாலும் காரணம். காயிலுக்கு ரெசிஸ்டர் வைத்த பழைய பெட்ரோல் வண்டிகளில் அந்த ரெசிஸ்டர் போனாலும் இதே போலத்தான் செய்யும்; அதையும் பார்த்துவிட்டு முடிவு செய்ய வேண்டும். எண்ணெயை அடைக்கும் சொலினாய்டு உள்ள டீசல் வண்டிகளிலும் ஆன் நிலை மின்சாரம் அறுந்தால் இன்ஜின் நின்றுவிடும்.

இன்ஜின் ஓடிக்கொண்டிருக்கும்போது, நின்ற இடத்திலேயே சாவியை மெதுவாக மேலும் கீழும் ஆட்டிப் பாருங்கள். இன்ஜின் தடுமாறினாலோ, மீட்டர் பலகை விளக்குகள் மின்னினாலோ உள்ளே தேய்ந்துவிட்டது. இதை ஓடும் வண்டியில் செய்து பார்க்கவே கூடாது.

பல்பு பொய் சொல்லாது

பின் இண்டிகேட்டரில் போடும் 12 வோல்ட், 21 வாட் பல்பு ஒன்றும், ஹோல்டரும், இரண்டு ஒயரும் போதும். ஒரு ஒயரின் நுனியில் முதலைக் கிளிப்பு, மறு ஒயரின் நுனியில் கூரான ஊசி. சிறிய எல்.இ.டி. டெஸ்டரை விட இது நல்லது. தேய்ந்த தகடு வழியாகச் சொட்டு மின்சாரம் வந்தாலும் எல்.இ.டி. எரியும், மீட்டரும் 12 வோல்ட் என்று காட்டிவிடும். 21 வாட் பல்பு ஏறத்தாழ ஒன்றே முக்கால் ஆம்பியர் கேட்கும். கொடுக்க முடியாத தகடு அங்கே மாட்டிக்கொள்ளும். வெறும் சாக்கைத் தராசில் போட்டால் எந்தத் தராசும் சரியாகத்தான் நிற்கும். மூட்டையைப் போட்டால்தானே குறை தெரியும்.

கிளிப்பை வண்டியின் பெயிண்ட் இல்லாத இரும்பில் மாட்டுங்கள். செல்ஃப் மோட்டாரின் சொலினாய்டில் தடித்த கேபிள் ஒன்றும் மெல்லிய ஒயர் ஒன்றும் வரும். மெல்லிய ஒயரின் முனையில் ஊசியை வைத்து, உள்ளே உட்கார்ந்திருக்கும் பையனைச் சாவியை ஸ்டார்ட்டுக்குத் திருப்பச் சொல்லுங்கள். கையும் சட்டையும் பெல்ட், பேன் பக்கம் போகாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். பல்பு எரியவே இல்லை, அல்லது மினுக்கென்று எரிகிறது என்றால் கோளாறு மேலே, சுவிட்ச் பக்கம். பிரகாசமாக எரிந்தும் மோட்டார் அசையவில்லை என்றால் இன்னும் ஒரு சோதனை பாக்கி இருக்கிறது. சொலினாய்டு முதலில் இழுக்கும்போது கேட்கும் மின்சாரம் பல்பு கேட்பதைவிடப் பல மடங்கு. ஆகவே அந்த மெல்லிய முனைக்குப் பேட்டரியின் பாசிட்டிவிலிருந்து நேராக ஒரு தடித்த ஒயரை ஒரு நொடி தொட்டுப் பாருங்கள். நியூட்ரலில் இருக்கிறதா என்று மறுபடியும் பார்த்த பிறகே தொட வேண்டும். மோட்டார் சுறுசுறுப்பாகச் சுற்றினால் மோட்டாரும் பேட்டரியும் நல்லவை. குற்றவாளி சுவிட்ச் அல்லது இடையில் உள்ள ஒயர், ரிலே. அப்போதும் சுற்றவில்லை என்றால் மோட்டாரைக் கழற்றலாம். நம் வேனில் இந்த ஒரு சோதனையை முதலிலேயே செய்திருந்தால் இரண்டு பில் மிச்சம்.

இனி ஸ்டியரிங் தண்டைச் சுற்றியுள்ள பிளாஸ்டிக் மூடியைக் கழற்றி சுவிட்சின் கப்ளருக்கு வாருங்கள். கப்ளரைப் பிடுங்காமலே பின்பக்கமாக ஊசியை நுழைத்துப் பார்க்கலாம். பேட்டரி முனையில் சாவி போடாமலே பல்பு எரிய வேண்டும். எரியவில்லை என்றால் சுவிட்சைக் குறை சொல்லக் கூடாது. மெயின் ஃபியூஸைப் பாருங்கள். இன்ஜின் முனை ஆன் நிலையிலும் ஸ்டார்ட் நிலையிலும் எரிய வேண்டும். செல்ஃப் முனை ஸ்டார்ட்டில் மட்டும் எரிந்து, கையை விட்டதும் அணைய வேண்டும். இவற்றில் ஒன்று தவறினாலும் சுவிட்சை மாற்ற வேண்டியதுதான். மீட்டர் உள்ளவர்கள், சாவி ஆனில் இருக்கும்போது பேட்டரி முனைக்கும் இன்ஜின் முனைக்கும் இடையே அளந்து பார்க்கலாம். நல்ல சுவிட்சில் ஏறக்குறைய ஒன்றும் காட்டாது. அரை வோல்ட் காட்டினால் தகடு கருகியிருக்கிறது.

கப்ளரையும் முகர்ந்து பாருங்கள். பிளாஸ்டிக் பழுப்பேறி, கருகிய வாடை வந்தால் அதற்குக் காரணம் பெரும்பாலும் நாமே. கூடுதல் ஹாரன், கூடுதல் விளக்கு, சரக்கு கூவி விற்க ஆம்ப்ளிபயர் எல்லாவற்றுக்கும் இன்ஜின் ஒயரிலிருந்தே மின்சாரம் திருடியிருப்போம். இவற்றுக்குப் பேட்டரியிலிருந்து தனி ஃபியூஸும் ரிலேயும் வைத்து ஒயர் இழுக்க வேண்டும். இல்லையேல் புதுச் சுவிட்சும் அதே வழியில் போகும்.

சில மெக்கானிக்குகள் சுவிட்சை மாற்றாமல் டேஷ்போர்டில் ஒரு புஷ் பட்டன் வைத்துக் கொடுப்பார்கள். செலவு குறைவுதான். ஆனால் அது செல்ஃப் வேலையை மட்டுமே பார்க்கும். ஆன் நிலைத் தகடு நடுரோட்டில் விட்டால் பட்டன் என்ன செய்யும்? கியரில் நிற்கும் வண்டியில் குழந்தை ஏறி அமுக்கினாலும் வண்டி நகர்ந்துவிடும். நமக்கு இந்த ஏற்பாட்டில் சம்மதமில்லை.

அமெரிக்காவில் நடந்தது

சாவிக்கொத்தின் பாரம் என்ன செய்துவிடும் என்று நினைப்பவர்களுக்காக இதைச் சொல்கிறோம். ஜெனரல் மோட்டார்ஸ் கம்பெனியின் செவ்ரோலே கோபால்ட், சாட்டர்ன் அயான் முதலிய சிறிய கார்களில் இக்னிஷன் சுவிட்சின் உள் ஸ்பிரிங் பலம் போதாமல் இருந்தது. கொத்தின் பாரத்தாலோ, முழங்கால் பட்டோ, பள்ளத்தில் இறங்கிக் குலுங்கியோ சாவி ஆன் நிலையிலிருந்து தானாகவே நழுவியது. இன்ஜின் நின்றது, பவர் ஸ்டியரிங் இறுகியது, மோதும் நேரத்தில் ஏர்பேக்கும் விரியவில்லை. 2014ஆம் ஆண்டில் ஏறக்குறைய 26 லட்சம் கார்களைக் கம்பெனி திரும்ப அழைத்தது. நஷ்டஈட்டு நிதி 124 மரணங்களுக்கு இந்தச் சுவிட்சைக் காரணமாக ஏற்றுக்கொண்டது. 2015இல் அமெரிக்க அரசுக்கு 90 கோடி டாலர் கட்டக் கம்பெனி ஒப்புக்கொண்டது.

வியாபாரிகளான நாம் கவனிக்க வேண்டிய இடம் வேறொன்று. குறையுள்ள சுவிட்சை 2006இல் திருத்தினார்கள். ஆனால் பார்ட் நம்பரை மாற்றவில்லை. அதனால் பழையதும் புதியதும் ஒரே எண்ணில் உலவின. விசாரித்தவர்கள் பல வருடம் குழம்பினார்கள். வழக்கொன்றில் ஒரு பொறியாளர் பழைய சுவிட்சையும் புதிதாக வாங்கிய சுவிட்சையும் பிரித்துப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்த பிறகே, உள்ளிருக்கும் சிறு முளையின் நீளம் மாறியிருப்பது வெளியே வந்தது. சரக்கு மாறியும் சீட்டு மாறாமல் மூட்டை வந்தால் கணக்கு எப்படிக் குழம்பும் என்று நமக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை.

நம் ஊர் வேன்களில் அதே குறை இருக்கிறது என்று நாம் சொல்லவில்லை. பாரம் தொங்கினால் தேய்மானம் வேகமாக வரும் என்பது மட்டும் எல்லாச் சுவிட்சுக்கும் பொது. ஓட்டத்தில் இன்ஜின் நின்றுவிட்டால் சாவியை வெளியே இழுக்கக் கூடாது, ஸ்டியரிங் பூட்டிக்கொள்ளும். பிரேக்கை மீண்டும் மீண்டும் மிதித்து பூஸ்டரின் பலத்தைத் தீர்த்துவிடாமல், ஒரே அழுத்தாக அழுத்தி ஓரம் கட்ட வேண்டும்.

மாற்றும் முறை

ஸ்டியரிங்கில் ஏர்பேக் உள்ள வண்டியிலும், சிப் வைத்த சாவி உள்ள வண்டியிலும் நாமே கை வைக்க வேண்டாம். பழைய ஆம்னி போன்ற எளிய வண்டிகளுக்கே இந்த முறை.

முதல் வேலை பேட்டரியின் நெகட்டிவ் முனையைக் கழற்றித் துணி சுற்றி ஒதுக்கி வைப்பது. பிறகு ஸ்டியரிங் தண்டின் மூடி. கப்ளரைப் பிடுங்குமுன் செல்போனில் இரண்டு படம் எடுத்துக்கொள்ளுங்கள். கப்ளரின் பக்கத்தில் ஒரு நாக்கு இருக்கும். அதை அமுக்கிக்கொண்டு கப்ளரைப் பிடித்து இழுக்க வேண்டும், ஒயரைப் பிடித்து அல்ல. பூட்டின் முதுகில் சுவிட்சைப் பிடித்திருக்கும் சிறு ஸ்க்ரூக்களைக் கழற்றினால் அது கையோடு வந்துவிடும். இடம் குறுகலாக இருக்கும்; குட்டைத் திருப்புளி வேண்டும். ஸ்க்ரூ கீழே விழுந்தால் தேடி எடுக்க அரை மணி நேரம் ஆகும், அடியில் ஒரு வெள்ளைத் துணி விரித்துக்கொள்ளுங்கள். பூட்டையே மாற்ற வேண்டியிருந்தால் அதைத் தண்டோடு பிடித்திருக்கும் போல்ட்டுகள் தலை முறிந்தவையாக இருக்கும். திருடன் கழற்றக் கூடாது என்பதற்காக அப்படி வைத்திருக்கிறார்கள். அதை மெக்கானிக்கிடம் விடுவதே நல்லது.

பழைய சுவிட்சைக் கையில் எடுத்துக்கொண்டு கடைக்குப் போங்கள். வண்டி மாடலைச் சொல்லி வாங்குவதைவிட இது நிச்சயம். முனைகளின் எண்ணிக்கை, அவை நிற்கும் வரிசை, நடுத் துவாரத்தின் வடிவம் மூன்றும் ஒத்துப்போக வேண்டும். பில் கேட்டு வாங்குங்கள். பில் இல்லாமல் குறைந்த விலைக்குக் கொடுக்கப்படும் சரக்கின் தரம் எப்படி என்பது நம் தொழிலிலேயே தெரியும். புதியதைத் திருப்புளியால் திருப்பிப் பார்த்தால் ஒவ்வொரு நிலையிலும் அழுத்தமாக நிற்க வேண்டும். ஸ்டார்ட் நிலையிலிருந்து தானே பின்வாங்க வேண்டும். கொழகொழவென்று திரும்பினால் அங்கேயே திருப்பிக் கொடுத்துவிடுங்கள்.

பூட்டும்போது சாவியும் புதுச் சுவிட்சும் ஒரே நிலையில், அதாவது ஆஃபில், இருக்க வேண்டும். நடு முளை துவாரத்தில் தானாக உட்காரும். உட்காராவிட்டால் ஸ்க்ரூவை இறுக்கி உட்காரவைக்க நினைக்காதீர்கள், உடைந்துவிடும். கப்ளரின் முனைகள் பச்சை பிடித்திருந்தால் சுத்தம் செய்து, தளர்ந்திருந்தால் இறுக்கி, ‘டிக்’ என்று கேட்கும்வரை அழுத்துங்கள். கப்ளர் உருகியிருந்தால் புதுக் கப்ளர் வாங்கி ஒயரைச் சால்டர் செய்து சேர்க்க வேண்டும். ஒயரை முறுக்கி டேப் சுற்றுவது பத்து நாள் வைத்தியம். சுவிட்சின் தலைக்கு மேல் தீப்பொறியை உட்காரவைப்பதற்குச் சமம்.

மூடியைப் போடுமுன் நெகட்டிவ் முனையை மாட்டி எல்லா நிலையையும் பாருங்கள். ஸ்டார்ட் செய்து கையை விட்டதும் மோட்டார் நின்றுவிட வேண்டும். நிற்காமல் சுற்றிக்கொண்டே இருந்தால் உடனே நெகட்டிவைக் கழற்றுங்கள். இதற்காகவே ஸ்பானரைப் பக்கத்தில் வைத்திருக்க வேண்டும். ஆஃபில் இன்ஜின் அணைகிறதா, சாவியை எடுத்ததும் ஸ்டியரிங் பூட்டுகிறதா, ஆன் நிலையில் ஸ்டியரிங் தாராளமாகத் திரும்புகிறதா என்று பார்த்த பிறகு மூடியைப் போடலாம். சாவி இறுக்கமாக இருந்தால் துவாரத்தில் எண்ணெய் விடாதீர்கள். அது தூசியைச் சேர்த்துச் சேறாக்கும். பென்சில் முனையைச் சுரண்டிய கிராபைட் தூள் போதும்.

நம் கடையில் இப்போது வண்டிச் சாவி தனியாக ஒரு சின்ன வளையத்தில் ஆணியில் தொங்குகிறது. ஷட்டர் சாவிகள் கல்லாப்பெட்டிக்குள். முதல் வாரம் பையன்கள் இரண்டு தடவை குடோன் சாவியை மறந்துவிட்டுப் போனார்கள். பிறகு பழகிவிட்டது.

புதுச் சுவிட்ச் போட்டு நான்கைந்து நாள் ஓட்டிய பின், நீண்ட தூரம் போய் வந்த ஒரு நாளில், வண்டியை அணைத்து மூடியைத் திறந்து கப்ளரை விரலால் தொட்டுப் பாருங்கள். வெதுவெதுப்பு இருக்கலாம். விரலை வைக்க முடியாத சூடு இருந்தால் எங்கோ கூடுதல் பாரம் அந்த ஒயரில் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. ஹாரனையும் ஆம்ப்ளிபயரையும் ஒவ்வொன்றாகக் கழற்றிவிட்டுத் தேட வேண்டும்.